சைக்கிள் ஸ்டாண்டில் ஓர் உலை

சேவல்குளம் பூரணி டாக்கீஸில் ஒரு வெள்ளிக்கிழமை, மதியக் காட்சிக்கு மணி அடிப்பதற்கு முன்னால், முதலாளி ரத்தினவேல் சொன்னபடி ஆபரேட்டர் செல்லையா கத்தரிக்கோலை எடுத்து, இயக்குநர் கோமதிநாயகத்தின் கடைசிப் படத்திலிருந்து நீளமாக ஒரு துண்டை வெட்டி மூலையில் போட்டார். படம் விட்டு ஜனங்கள் வெளியே வந்தபோது, அந்தத் துண்டில் உலை வைத்துக்கொண்டிருந்த பெண் சைக்கிள் ஸ்டாண்டில் மூன்று கல் கூட்டி உட்கார்ந்திருந்தாள். ஈர விறகு புகைந்தது. பானையின் வாயில் தட்டு மூடியிருந்தது. அவளுக்குப் பக்கத்தில் அவளுடைய இரண்டு பெண்பிள்ளைகள், பள்ளிக்கூடத்துப் பையைக்கூடக் கழற்றாமல், ஆளுக்கொரு அலுமினியத் தட்டை மடியில் வைத்துக்கொண்டு பானையையே பார்த்தபடி இருந்தார்கள்.

சைக்கிளுக்கு டோக்கன் கொடுக்கிற வெள்ளத்தாய்தான் முதலில் கிட்டே போனாள்.

"யாரு தாயி நீ? இங்கன அடுப்பு கூட்டக்கூடாது. முதலாளி வைவாரு."

அந்தப் பெண் குனிந்து ஊதினாள். சைக்கிளை எடுக்க வந்தவர்கள் அவளைப் பார்த்தார்கள். உள்ளே திரையில் கொஞ்ச நேரமே பார்த்த முகம், உலையில் தண்ணீர் கூடச் சுடாத நேரத்தில் படம் ஒரு குதி குதித்து வேறெங்கோ போய்விட்டதால் காணாமல் போன முகம், அதே கண்டாங்கி, அதே தோள்பட்டைக் கிழிசல். "இந்தம்மாவா? இங்க வந்துருச்சா?" என்றார்கள். "அதான் உள்ள காணோம்" என்றார்கள். சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனார்கள். சேவல்குளத்தில் யாரும் அதற்கு மேல் கேட்கவில்லை. ஒரு இடத்திலிருந்து வெட்டி விரட்டப்பட்டவள் இன்னொரு இடத்தில் போய் உட்காரத்தானே செய்வாள்.

வெள்ளத்தாய் டீக்கடையிலிருந்து இரண்டு பன் வாங்கிவந்து பிள்ளைகளின் தட்டில் வைத்தாள். அவர்கள் தொடவில்லை. பசியில் உதடு காய்ந்திருந்தது, ஆனாலும் கை பன்னிடம் போகவில்லை. அம்மா வடித்துப் போடுகிற சோற்றுக்குத்தான் அவர்கள் காத்திருந்தார்கள். அந்தச் சோறோ வேகவில்லை. அன்றைக்கும் வேகவில்லை, மறுநாளும் வேகவில்லை, ஆடி போய் ஆவணி வந்தும் வேகவில்லை.

ஊர் அவளுக்கு உலையக்கா என்று பேர் வைத்தது. பேர் வைத்ததும் அவள் ஊருக்குச் சொந்தமாகிவிட்டாள், சொந்தமானதும் ஊர் அவளைப் பயன்படுத்தத் தொடங்கியது. விறகு போடாமலே எரிகிற அடுப்பு அது என்று தெரிந்ததும் பீடி பற்றவைக்க வந்தார்கள். பீடிக்குப் பிறகு ஊதுபத்திக்கு வந்தார்கள், கைப்பிள்ளைக்குப் பால் சுடவைக்க வந்தார்கள், டீக்கடைக்காரர் காலையில் கரண்டி கொண்டுவந்து கங்கு அள்ளிப் போனார், கோயில் கமிட்டி அம்மன் கொடைக்கு இந்த நெருப்பில்தான் முதல் பொங்கல் என்று தீர்மானம் போட்டது, நகராட்சி அவளை ஆக்கிரமிப்பு என்று சொல்லி முதுகுக்குப் பின்னால் ஒரு நோட்டீஸை ஒட்டிவிட்டுப் போனது, தேர்தலுக்கு வந்த இரண்டு கட்சிக்காரர்களும் அவள் முன்னால் கைகூப்பி நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். அவளுடைய பிள்ளைகள் பசியோடு தட்டை வைத்துக்கொண்டு இருந்ததையும் எல்லோரும் பார்த்தார்கள். "ச்சோ" என்றார்கள். பீடி பற்றியதும் போய்விட்டார்கள்.

ரத்தினவேல் முதலாளி அவளைச் சுற்றிக் கம்பி வேலி போட்டு, வாசலில் ஒரு ஆளை உட்காரவைத்து டிக்கெட் கிழித்தார். அவருக்குத் தியேட்டர் மட்டுமல்ல, ஊருக்கு வெளியே பயர் ஆபீஸும் இருந்தது. அந்தப் பக்கத்தில் பட்டாசு ஆலையை அப்படித்தான் சொல்வார்கள். தீபாவளிக்கு அவர் புதிதாக ஒரு புஸ்வாணம் இறக்கினார். அட்டைப்பெட்டியின் மேல் உலையக்காவின் படம், கன்னத்தில் ரோஸ் பூசி, வாயில் சிரிப்பு வரைந்து, 'அணையா அடுப்பு' என்று கொட்டை எழுத்தில் அச்சடித்திருந்தது. நல்ல விற்பனை.

இந்தச் செய்தி சென்னைக்குப் போனபோது அங்கே படம் எடுக்கிற இசக்கியம்மாளுக்கு வந்த கோபத்தைச் சொல்வதற்கு முன்னால், அந்தப் படத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும்.

கோமதிநாயகம் ஒரு காலத்தில் ஆட்டமும் பாட்டுமாகப் படம் எடுத்துப் பேர் வாங்கியவர். அவர் படத்துப் பாட்டு ஒலிக்காத கல்யாண வீடு கிடையாது. எழுபது வயதுக்கு மேல் அவருக்கு என்ன ஆனதோ, பாட்டை விட்டார், சண்டையை விட்டார், கதாநாயகனையும் விட்டார். கடைசியாக எடுத்தது 'நனைந்த விறகு'. அதில் பயர் ஆபீஸ் தொழிலாளி ஒருவனின் மனைவி. ஒரு மத்தியானம் ஒருவன் ஓடிவந்து அவள் புருஷன் வேலைபார்த்த ஷெட் வெடித்துவிட்டது என்று சொல்கிறான், ஆள் இல்லை என்று சொல்கிறான். அதே நேரத்தில் பிள்ளைகள் பசியோடு பள்ளிக்கூடத்திலிருந்து வருகிறார்கள். அவள் உலை வைக்கிறாள். அந்தச் சோறு வேகிற வரைக்கும் கேமரா அவளை விட்டு நகராது. இசை கிடையாது. விறகு ஈரம், ஆகையால் நேரம் ஆகும்.

சென்னையில் சினிமாக்காரர்களுக்குப் போட்டுக் காட்டிய அன்று பாதிப் பேர் எழுந்து போனார்கள். மறுவாரம் ஒரு பத்திரிகை, 'பார்த்தோம், பசி வந்தது, சோறு வரவில்லை' என்று எழுதியது. சேவல்குளத்தில் வெட்டியதைக் கேள்விப்பட்ட தயாரிப்பாளர், நல்ல யோசனையாக இருக்கிறதே என்று எல்லாத் தியேட்டர்களுக்கும் ஆள் அனுப்பி அந்தத் துண்டை வெட்டச் சொன்னார், லேபில் இருந்த நெகடிவிலும் வெட்டச் சொன்னார். வெட்டியதையெல்லாம் மொத்தமாகப் பழைய பிலிமைக் கரைத்து வெள்ளி எடுப்பவனுக்குப் போட்டுவிட்டார்கள். அப்படி, உலகத்தில் அந்தக் காட்சி எந்த ரீலிலும் இல்லாமல் போனது.

இசக்கியம்மாள் ஒரே ஒரு படம் எடுத்தவள். அது ஓடியும் இருந்தது. கோமதிநாயகத்திடம் அவள் உதவியாளராக இருந்ததில்லை. அவருடைய பழைய படங்கள் அவளுக்குப் பெரிதாகப் பிடித்ததும் இல்லை. ஆனால் அன்றைக்கு அந்தப் பாதி காலியான அரங்கத்தில் அவள் கடைசி வரைக்கும் உட்கார்ந்திருந்தாள், விளக்கு போட்ட பிறகும் எழுந்திருக்க முடியாமல் உட்கார்ந்திருந்தாள். தன் தொழில் இன்னதென்று அன்றைக்குத்தான் தெரிந்ததாக அவள் பிற்பாடு சொன்னாள்.

கார்த்திகை மாதம் சினிமாச் சங்கத்தார் கோமதிநாயகத்துக்குப் பாராட்டு விழா எடுத்தார்கள். சால்வைமேல் சால்வையாகப் போர்த்தி, கிழவரின் முகம் மட்டும் வெளியே தெரிந்தது. பேச வந்தவர்கள் எல்லோரும் அவருடைய பழைய பாட்டைப் பாடினார்கள். ஒருவர் பாடி, அடுத்தவர் அதே பாட்டை மறுபடி பாடி, அரங்கம் கைதட்டித் தாளம் போட்டது. கடைசியில் ஒரு பெரிய தயாரிப்பாளர் வந்து, "அண்ணன் உச்சத்துல இருந்தப்பவே நிறுத்தியிருக்கலாம். கடைசிக் காலத்துல லேசா கை நடுங்கிருச்சு. அதையெல்லாம் நாம பெருந்தன்மையா மறந்துருவோம்" என்றார். அதற்கும் கைதட்டினார்கள்.

இசக்கியம்மாளை யாரும் பேசக் கூப்பிடவில்லை. அவளாக மேடையேறி மைக்கைப் பிடித்தாள்.

"யாருக்குக் கை நடுங்குச்சு?" என்று கேட்டாள். "ஒரு பொம்பள சோறாக்குறதை உக்காந்து பாக்க முடியாம எந்திரிச்சு ஓடினீங்களே, உங்க காலு நடுங்கலையா? அவரு வாலிபத்துல எடுத்த படத்துல யாராவது செத்தா அடுத்த சீன்ல பாட்டு வரும். அப்ப உங்களுக்கு அவரு மேதை. எழுபது வயசுக்கு மேல, செத்த வீட்டுல அன்னைக்கும் அடுப்பு எரியணும்னு ஒரு மனுஷன் கண்டுபிடிச்சு, அதைக் கூட்டாம குறைக்காம காட்டினா, அவருக்கு நடுக்கம் வந்துருச்சு. அந்த ஷாட்டுல கேமரா ஏன் அசையலைன்னு உங்கள்ல யாராவது யோசிச்சீங்களா? அவ தனியா இருக்கா. நாமளாவது கூட இருக்கணும்னு அவரு நினைச்சாரு. எழவு வீட்டுக்குப் போனா என்ன செய்வோம்? பேசாம உக்காந்திருப்போம். அவ்வளவுதான் கேட்டாரு. அந்த மரியாதையைச் செய்யத் துப்பில்லாம வெட்டிக் குப்பையில போட்டுட்டு, இங்க வந்து சால்வை போத்துறீங்க! இவருக்கு இன்னைக்குக் குளிருதுன்னு யாரு சொன்னா?"

அதற்குள் மைக்கை அணைத்துவிட்டார்கள். பாட்டுக் கோஷ்டி அவசர அவசரமாகத் தொடங்கியது. இசக்கியம்மாள் மைக் இல்லாமலே இன்னும் கொஞ்ச நேரம் பேசினாள், தபேலாச் சத்தத்தில் அது யாருக்கும் கேட்கவில்லை.

விழா முடிந்து வாசலில் காருக்குக் காத்திருந்தபோது கோமதிநாயகம் சால்வைகளை ஒவ்வொன்றாகக் கழற்றிக் காவலாளியிடம் கொடுத்துக்கொண்டிருந்தார்.

"ஏம்மா, அவ சேவல்குளத்துல இருக்காளாமே" என்றார். "போய்ப் பாத்தீங்களா?"

"இல்ல சார். கேள்விப்பட்டதுலேர்ந்து மனசு கொதிக்குது."

"எனக்குத் தனியாப் போக பயமா இருக்கு. நான் 'கட்'னு சொல்றதுக்கு முன்னாடியே வெட்டிட்டாங்க. பாதியில விட்டுட்டு வந்த மாதிரி இருக்கு. கூட வர்றீங்களா?"

இருவரும் ரயிலேறிப் போனார்கள்.

ஞாயிற்றுக்கிழமை பகலில் சைக்கிள் ஸ்டாண்டில் நல்ல கூட்டம். டிக்கெட் கிழிப்பவனிடம் இசக்கியம்மாள் எதையும் காட்டாமல் வேலியைத் தள்ளித் திறந்து உள்ளே போனாள். கோமதிநாயகம் அடுப்புக்கு எதிரே, கேமரா எங்கே இருந்ததோ அந்த இடத்தில், தரையில் உட்கார்ந்தார். உலையக்கா நிமிர்ந்து பார்க்கவில்லை. பிள்ளைகளின் தட்டைப் பார்த்ததும் அவருக்குக் கண் கலங்கிவிட்டது. "ஆடி மாசத்துலேர்ந்தா?" என்று கேட்டார். "ஆமாய்யா" என்றாள் வெள்ளத்தாய். "என்ன குடுத்தாலும் திங்க மாட்டேங்குதுக. பாக்கப் பாக்க என் வயிறு எரியுது."

இசக்கியம்மாள் பானையையே பார்த்துக்கொண்டிருந்தாள். படம் எடுப்பவளுக்கு அது பழக்கம். தண்ணீர் சலசலத்தது, தட்டின் விளிம்பில் நுரை கட்டி ஏறியது, தட்டு லேசாக ஆடியது. அந்த நேரத்தில் ஒருவன் குனிந்து ஒரு கொள்ளியை எடுத்துப் பீடி பற்றவைத்தான். நுரை அடங்கியது. தட்டு அசையாமல் நின்றது. அப்போதுதான் வைத்த உலைபோலப் பானை சும்மா இருந்தது. மறுபடி தண்ணீர் சூடேறி, மறுபடி நுரை எழும்பி வருகிற நேரத்தில் ஒரு அம்மாள் பால் டம்ளரைக் கொண்டுவந்து நெருப்பில் வைத்தாள். மறுபடி அடங்கியது.

"யாரும் கிட்ட வராதீங்க!" என்று இசக்கியம்மாள் கத்தினாள். பீடியோடு நின்றவன் பின்வாங்கினான். "அடப் பாவிகளா! இத்தனை மாசமா ஒருத்தராவது இந்தப் பொம்பளையை ஒரு உலை கொதிக்க விட்டீங்களா? ஆளாளுக்கு வந்து அள்ளிட்டுப் போனா எப்படி வேகும்? அந்தப் புள்ளைங்க மூஞ்சியப் பாருங்க. உங்க பீடிக்கு வேற நெருப்பே கிடைக்கலையா?"

சத்தம் கேட்டு ரத்தினவேல் தியேட்டர் ஆபீஸிலிருந்து வந்தார். வெள்ளை வேட்டி, நெற்றியில் சந்தனம். கோமதிநாயகத்தைக் கண்டதும் கைகூப்பினார்.

"ஐயா, உங்க பாட்டுன்னா எனக்கு உசுரு. ஒரு வார்த்தை சொல்லியிருந்தா கார் அனுப்பியிருப்பேனே."

"என் படத்தை ஏன் வெட்டினீங்க?" என்றார் கோமதிநாயகம்.

"ஜனங்க உக்கார மாட்டாங்கய்யா. போரடிக்கும்."

"ஜனங்க இன்னும் பாக்கவே இல்லையே. மதியக் காட்சிக்கு முன்னாடியே வெட்டிட்டீங்க. காலைல போட்டுப் பாத்தது நீங்க ஒருத்தர்தான்."

ரத்தினவேல் சுற்றிலும் நின்ற கூட்டத்தைப் பார்த்தார், குரலைத் தாழ்த்தினார். "ஆமா, பாத்தேன். சோறு வெந்ததுக்கு அப்புறம் அந்தம்மா என்ன செய்யுதுன்னு பாத்தேன். அதுக்கு முன்னால வெட்டினாத்தான் ஊருக்கு நல்லது."

"என்ன செய்யுது?" என்று கேட்டாள் வெள்ளத்தாய். அவள் பக்கத்திலேயே நின்றதை முதலாளி கவனிக்கவில்லை.

"உனக்கு என்ன இங்க? போய் டோக்கனைப் பாரு."

இசக்கியம்மாள் சொன்னாள். எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னாள். "புள்ளைங்க சாப்பிட்டு முடிக்கிற வரைக்கும் அடக்கி வச்சிருந்ததை எடுத்து அழுவா. அதைப் பாத்தா நீங்களும் அழுவீங்கன்னு இவருக்குப் பயம்."

கூட்டத்தில் சத்தம் நின்றது. ஏனென்றால் இரண்டு வருஷத்துக்கு முன்னால் ரத்தினவேலின் பயர் ஆபீஸில் ஒரு ஷெட் வெடித்திருந்தது. வெள்ளத்தாயின் புருஷன் மாடசாமி அதற்குள் இருந்தான். இன்னும் பலருடைய புருஷன்மார் இருந்தார்கள். சிலருடைய மகள்கள் இருந்தார்கள். 'அவங்க நம்ம ஆளே இல்லை, வழியில போனவங்க உள்ள வந்து மாட்டிக்கிட்டாங்க' என்று முதலாளி அதிகாரிகளிடம் சொன்னார். அன்றைக்கு ஊர்ப் பெரிய மனிதர்கள் வீடு வீடாக வந்து, சத்தம் போட்டு அழாதீர்கள், அழுதால் பேப்பர்காரன் வருவான், பேப்பர்காரன் வந்தால் ஆபீஸை மூடிவிடுவார்கள், மூடினால் ஊரில் எந்த வீட்டிலும் அடுப்பு எரியாது என்று சொல்லிவிட்டுப் போனார்கள். பெண்கள் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டார்கள். துஷ்டி வீட்டில் ஒப்பாரி இல்லாமல் ஊரே கருமாதி செய்தது. வெள்ளத்தாய்க்கு டோக்கன் கொடுக்கிற வேலை கிடைத்தது. மற்றவர்களுக்கும் ஏதோ ஒன்று கிடைத்தது. சேவல்குளம் அதையும் அப்படியே விழுங்கிவிட்டு வேலைக்குப் போனது.

"முதலாளி" என்றாள் வெள்ளத்தாய். "இந்த உலை கொதிக்கட்டும்."

"கொதிச்சா என்ன ஆகும் தெரியுமா? இந்தம்மா அழுது முடிச்சா, ஊர்ல எத்தனை பேரு அழ ஆரம்பிப்பாங்கன்னு தெரியுமா? அப்புறம் நாளைக்கு யாரு வேலைக்கு வருவா? நான் சொன்னது உங்க நல்லதுக்குத்தான்."

"எங்க நல்லது எங்களுக்குத் தெரியும்" என்று சொல்லிவிட்டு வெள்ளத்தாய் இடுப்பிலிருந்த டோக்கன் பையை அவிழ்த்து அவர் காலடியில் வைத்தாள். பிறகு கோமதிநாயகத்துக்குப் பக்கத்தில் போய்த் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள்.

அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி உட்கார்ந்தாள். பால் டம்ளர் கொண்டுவந்த அம்மாள் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்தாள். கூட்டத்திலிருந்து ஒருவர் பின் ஒருவராக, சைக்கிள்களை நகர்த்தி இடம் பண்ணிக்கொண்டு, புழுதியில் உட்கார்ந்தார்கள். பீடிக்காரன் பீடியைக் காலால் தேய்த்துவிட்டு வேலியோரம் குந்தினான். தெருவில் போனவர்கள் என்ன ஏது என்று எட்டிப் பார்த்தார்கள், பார்த்தவர்களும் உட்கார்ந்தார்கள். யாரும் கையை நீட்டவில்லை, கங்கு கேட்கவில்லை, கும்பிடவில்லை. எழவு வீட்டில் உட்காருவதுபோல உட்கார்ந்திருந்தார்கள்.

அந்த உட்காருதல் சுலபமாக இல்லை. விறகு ஈரம், புகை கண்ணைக் கரித்தது, வெயில் பிடரியில் இறங்கியது, முதலில் ஒருவன் கொட்டாவி விட்டான், இன்னொருவன் "எம்புட்டு நேரம்?" என்று முனகினான், ஒரு கைக்குழந்தை அழுது ஓய்ந்தது, பிறகு பேச்சு குறைந்து, இருமல் குறைந்து, அந்தப் பெண் விறகைத் தள்ளுவதும் ஊதுவதும் புறங்கையால் நெற்றியைத் துடைப்பதும் மட்டுமே ஊரில் நடப்பதுபோல ஆனது. அவள் கை நடுங்குவதை அப்போதுதான் பார்த்தார்கள். மாதக்கணக்காகத் தினமும் பார்த்த கை. அவள் உதட்டைக் கடித்திருப்பதையும் பார்த்தார்கள். அரிசி களைந்து போடுகையில் அவள் கணக்குத் தவறி ஒரு ஆள் சோற்றுக்குச் சேர்த்துப் போட்டதைப் பார்த்து, இறந்தவனுக்கும் சேர்த்துப் போட்டுவிட்டாள் என்று வெள்ளத்தாய் புரிந்துகொண்டாள். மாடசாமி செத்த மறுநாள் அவளும் அப்படித்தான் போட்டாள்.

நுரை எழும்பியது. தட்டு ஆடியது. யாரும் அசையவில்லை. நுரை வழிந்து நெருப்பில் விழுந்து சுர்ரென்றது. அந்தச் சத்தத்துக்குக் கூட்டம் முழுவதும் ஒரே மூச்சாக மூச்சு விட்டது.

உலையக்கா ஒரு பருக்கையை எடுத்து நசுக்கிப் பார்த்தாள். முந்தானையால் பானையைப் பிடித்துச் சரித்துக் கஞ்சியை வடித்தாள். வெந்த சோற்றின் வாசம் சைக்கிள் ஸ்டாண்டு முழுக்கப் பரவியது. மூத்தவள் தட்டில் போட்டாள், இளையவள் தட்டில் போட்டாள், உப்புக்கல் வைத்தாள். பிள்ளைகள் சூடு பொறுக்காமல் ஊதி ஊதித் தின்றார்கள். ஆடியிலிருந்து இருந்த பசி. மறுசோறு கேட்டார்கள். போட்டாள். தின்று முடித்துத் தட்டை நக்கி, கை கழுவி, மூத்தவள் இளையவளின் வாயைத் துடைத்துவிட்டாள்.

அதற்குப் பிறகுதான் உலையக்கா வாயைத் திறந்தாள்.

அந்த அழுகையை எழுதுவதற்கு எழுத்து இல்லை. புருஷன் பேரைச் சொல்லி அவள் தலையில் அடித்துக்கொண்டாள். வெள்ளத்தாய் எழுந்து போய் அவள் தோளில் தோள் சேர்த்து உட்கார்ந்து, "எய்யா மாடசாமி" என்று எடுத்தாள். இரண்டு வருஷமாக முந்தானைக்குள் கிடந்த குரல் அது. அதற்குப் பின்னால் ஒவ்வொரு பேராக வந்தது. பெண்கள் வட்டமாகச் சேர்ந்து தோள் தட்டி மாரடித்தார்கள். ஆண்கள் துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்கள். அடுத்த தெருவிலிருந்து சத்தம் கேட்டு வந்தவர்கள் என்னவென்று கேட்காமலே சேர்ந்துகொண்டார்கள்.

"செல்லையா! குழாயைப் போடு!" என்று ரத்தினவேல் கத்தினார். "பாட்டைப் போடுடா!"

தியேட்டர் மாடியிலிருந்த குழாய் ஸ்பீக்கர் கரகரத்து, கோமதிநாயகத்தின் பழைய படப் பாட்டொன்று முழுச் சத்தத்தில் கிளம்பியது. விழாவில் எல்லோரும் பாடிய அதே குதூகலமான பாட்டு. இசக்கியம்மாள் மாடிப்படிக்கு ஓடினாள். ஆனால் அவளுக்கு முன்னால் கிழவர் எழுந்துவிட்டார். முட்டியைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு படியாக ஏறி, ஆபரேட்டர் அறைக்குள் போனார். செல்லையா சுற்றுகிற இசைத்தட்டைப் பார்த்தபடி, யார் முகத்தையும் பார்க்காமல் நின்றிருந்தார்.

"முதலாளி சொன்னாருங்க" என்றார்.

"தெரியும். இது என் பாட்டு. நானே நிறுத்திக்கிறேன்" என்று சொல்லி கோமதிநாயகம் ஸ்பீக்கர் வயரைப் பிடுங்கிக் கையில் சுற்றிக்கொண்டார்.

செல்லையா தடுக்கவில்லை. கிழவர் வெளியே வந்ததும் அறையைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு கீழே இறங்கி, அழுகிறவர்களோடு போய் உட்கார்ந்தார்.

மறுநாள் காலையில் பயர் ஆபீஸ் சங்கு ஊதியபோது எல்லோரும் போனார்கள். வேலைக்குப் போகவில்லை, கேட்டுக்கு முன்னால் போய் நின்றார்கள். போலீஸ் வந்தது, தாசில்தார் வந்தார், பயந்தபடியே பேப்பர்காரர்களும் வந்தார்கள். வெள்ளத்தாய் முன்னால் நின்று ஒன்றே ஒன்று கேட்டாள். செத்தவர்கள் பேரை நாங்கள் சொல்வோம், ஒவ்வொரு பேருக்கும் 'எங்க ஆளு' என்று முதலாளி வாயால் சொல்ல வேண்டும். வெயில் ஏறுகிற வரைக்கும் ரத்தினவேல் முடியாது என்றார். சரக்கு ஏற்ற வந்த லாரிகள் ஒன்றன்பின் ஒன்றாக ரோட்டில் நின்றன. கடைசியில் தாசில்தாருக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, தரையைப் பார்த்தபடி ஒத்துக்கொண்டார்.

"மாடசாமி" என்றாள் வெள்ளத்தாய்.

"எங்க ஆளு" என்றார்.

"ராமலட்சுமி" என்றார் ஒரு தகப்பன்.

"எங்க ஆளு."

இப்படியே போய்க்கொண்டிருந்தபோது, இரண்டு பிள்ளைகளையும் கையில் பிடித்தபடி வரிசையில் நின்ற உலையக்காவின் முறை வந்தது. "சப்பாணிமுத்து" என்றாள். "எங்க ஆளு" என்று சொல்லிவிட்டு, அடுத்த பேருக்குக் காது கொடுத்த பிறகுதான் ரத்தினவேல் தலைநிமிர்ந்து பார்த்தார். தாசில்தார் அதையும் எழுதிக்கொண்டார்.

"அந்தப் பேரை நான் வைக்கல" என்று கோமதிநாயகம் இசக்கியம்மாளிடம் மெல்லச் சொன்னார். "படத்துல அவனுக்குப் பேரே கிடையாது. ஒரு பேரு வைக்கணும்னு எனக்குத் தோணவே இல்லையே."

ஆபீஸை அந்த வாரமே பூட்டி முத்திரை வைத்தார்கள், வழக்கு நடந்தது, இன்னும் நடக்கிறது. ஊரில் சில நாள் அடுப்பு எரியாமலும் இருந்தது. பெரிய மனிதர்கள் சொன்னது அந்த மட்டில் பொய்யாகவில்லை. உலையக்கா வெள்ளத்தாய் வீட்டுக்குப் பக்கத்தில் குடியேறினாள். இளையவளுக்குப் பல் விழுந்தது, இருவரும் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சேர்ந்தார்கள், சைக்கிள் ஸ்டாண்டில் மூன்று கல் கறுத்துக் கிடந்தது. அதையும் யாரோ துணி துவைக்க எடுத்துப் போனார்கள்.

சென்னைக்குக் கிளம்பிய அன்று, ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோது இசக்கியம்மாளுக்கு மறுபடி கோபம் பொங்கியது.

"சார், இத்தனை பேரு உக்காந்து பாத்தாச்சு. இனி நம்மால முழுசா எடுக்க முடியும். அவங்களையே கூப்பிட்டு, அதே இடத்துல உக்கார வச்சு, அந்த ஷாட்டைத் திரும்ப எடுத்துப் படத்துல சேத்துருவோம். எந்தப் பத்திரிகை எழுதுச்சோ, எந்தத் தயாரிப்பாளர் கை நடுங்குச்சுன்னு சொன்னானோ, அவனுங்க அத்தனை பேரையும் உள்ள வச்சுக் கதவைச் சாத்திப் போட்டுக் காட்டணும். உங்க படம் பாதியில நிக்கக்கூடாது."

கிழவர் கையிலிருந்த ரயில் டிக்கெட்டை மடித்துப் பையில் வைத்தார்.

"வேணாம்மா" என்றார். "என் படத்துக்குள்ள அவளுக்கு ஒரே ஒரு நாள்தான் இருக்கு. புருஷன் செத்த நாள். அதுக்குள்ள திரும்பி வான்னு கூப்பிட எனக்கு மனசு வரல."